வாய்தா தவறினால் வழக்கு என்னவாகும்?

சென்ற தை மாதத்தில் சம்பா அறுவடை நடந்துகொண்டிருந்த சமயம், நெடுங்காடு கொம்யூனைச் சேர்ந்த ஒரு மூதாட்டி எமது அலுவலகத்துக்கு வந்தார். அவர் கையில் நான்காக மடித்த ஒரு காகிதம் இருந்தது. பாசன வாய்க்காலைப் பங்காளி ஒருவர் மண் கொட்டி அடைத்துவிட்டாரென்றும், வட்டார வளர்ச்சி அதிகாரி என்ற முறையில் நான் அதனைத் திறந்துவிட வேண்டுமென்றும் அவர் வேண்டினார். காகிதத்தை வாங்கிப் பார்த்தேன். அதே வாய்க்காலைக் குறித்து அவர் முன்னரே முன்சீப் நீதிமன்றத்தில் வழக்குத் தொடுத்திருந்தார் என்பதும், அவ்வழக்கு ஜனவரி 22-ஆம் நாள் வாதி வராமையால் தள்ளுபடி செய்யப்பட்டது என்பதும் அதிலிருந்து தெரியவந்தன. அன்று பிப்ரவரி 12. "கேஸ் நடந்துகொண்டுதானே இருக்கிறது, ஐயா?" என்று அவர் கேட்டார். இருபத்தொரு நாட்களுக்கு முன்பே அது முடிந்துபோயிற்று என்பதை அவருக்கு ஒருவரும் சொல்லியிருக்கவில்லை.

அவருக்குள்ள நிலம் ஆறு மா. காவிரியின் கடைமடையில் இருக்கும் நமக்கு வாய்க்கால் தண்ணீர் என்பது என்ன பொருளுடையது என்று இவ்விதழின் வாசகர்களுக்கு எடுத்துரைக்க வேண்டியதில்லை. காவிரி நடுவர் மன்றம் 2007-ஆம் ஆண்டு தனது இறுதித் தீர்ப்பில் புதுச்சேரிக்கு ஒதுக்கிய நீர் 7 டி.எம்.சி. மட்டுமே. அந்த நீரும் அரசலாற்றிலும் நாட்டாற்றிலும் வந்து, கிளை வாய்க்கால் பிரிந்து, கடைசி வயலின் மடையை அடைவதற்குள் எத்தனையோ மண்வெட்டிகளைத் தாண்ட வேண்டியிருக்கிறது. ஆகவே நமது கிராமங்களில் வாய்க்கால் வழக்குகளும் வரப்பு வழக்குகளும் பெருகியிருப்பதில் வியப்பில்லை. வருந்தத்தக்கது யாதெனில், இவற்றுள் கணிசமானவை நியாயம் எந்தப் பக்கம் என்று ஆராயப்படாமலே, குறித்த நாளில் ஒருவர் நீதிமன்றத்துக்குச் செல்லாத காரணத்தால் மட்டும் முடிந்துபோகின்றன. இவ்விஷயத்தில் சட்டம் என்ன சொல்கிறது என்பதைக் குடியானவர் ஒவ்வொருவரும் அறிந்துகொள்வது நலம் என்பதால் இக்கட்டுரை எழுதப்படுகிறது. நான் வழக்கறிஞன் அல்லன். கிராமங்களில் கண்டதையும் சட்ட நூலில் படித்ததையும் சேர்த்துச் சொல்கிறேன்.

நீதிமன்றத்தில் நாள்தோறும் வழக்குப் பட்டியல்படி கட்சிக்காரர்களின் பெயர்கள் அழைக்கப்படுகின்றன. டவாலி வாயிலில் நின்று உரக்க அழைப்பார். அச்சமயம் கட்சிக்காரரோ, அவர் சார்பில் வழக்கறிஞரோ முன்வந்து நிற்பதே ஆஜராவது. 1908-ஆம் ஆண்டு உரிமையியல் நடைமுறைச் சட்டத்தில் 9-ஆம் கட்டளை இப்பொருளைப் பற்றியதாகும். இருவரும் வராவிட்டால் ஒரு விளைவு. வாதி வந்து பிரதிவாதி வராவிட்டால் வேறொரு விளைவு. பிரதிவாதி வந்து வாதி வராவிட்டால் மற்றொரு விளைவு. முதலாவதும் மூன்றாவதும் வெளித்தோற்றத்துக்கு ஒன்றுபோலத் தெரியும். இரண்டுக்கும் பெயர் தள்ளுபடிதான். ஆயினும் அவற்றிடையே உள்ள வேறுபாடு மிகப் பெரிது.

இரு தரப்பாரும் வராத நாளில் வழக்குத் தள்ளுபடியாகுமாயின், அது 3-ஆம் விதியின் கீழ் வரும். அப்போது வாதிக்கு இரண்டு வழிகள் உண்டு. பழைய வழக்கையே மீண்டும் எடுத்துக்கொள்ளும்படி மனுச் செய்யலாம். அல்லது புதிய வழக்கே தொடுக்கலாம். ஆனால் புதிய வழக்குக்கு மீண்டும் முத்திரைக் கட்டணம் கட்ட வேண்டும். காலவரையறைச் சட்டம் குறித்த கெடுவும் கடந்திருக்கக் கூடாது. பிரதிவாதி வந்து நின்று, வாதி மட்டும் வராத நாளில் தள்ளுபடியானால், அது 8-ஆம் விதியின் கீழ் வருவது. பிரதிவாதி கோரிக்கையை ஒப்புக்கொண்டால் அந்த அளவுக்குத் தீர்ப்புக் கிடைக்கும். அவர் ஏன் ஒப்புக்கொள்ளப் போகிறார்? இவ்வாறு தள்ளுபடியான பின்னர், அதே காரணத்தை வைத்துப் புதிய வழக்குத் தொடுக்க 9-ஆம் விதி தடை விதிக்கிறது. எஞ்சியிருப்பது ஒரே வாயில்: தள்ளுபடி உத்தரவை நீக்கும்படி அதே நீதிமன்றத்தில் மனுச் செய்வது. மேற்சொன்ன மூதாட்டியின் வழக்கில் பங்காளி காலை பத்து மணிக்கே வந்து காத்திருந்தாராம். ஆகவே அவருக்கிருந்த வாயில் அந்த ஒன்றே.

அந்த வாயிலும் என்றும் திறந்திருப்பதில்லை. 1963-ஆம் ஆண்டு காலவரையறைச் சட்டத்தின் 122-ஆம் இனப்படி, தள்ளுபடியான நாளிலிருந்து 30 நாட்களுக்குள் மனு நீதிமன்றத்தில் சேர வேண்டும். தமக்குத் தெரியவந்த நாளிலிருந்து 30 நாட்கள் என்று பலர் எண்ணிக்கொண்டிருக்கின்றனர். வாதியைப் பொறுத்தவரை அவ்வெண்ணம் தவறு. அம்மூதாட்டிக்கு மிஞ்சியிருந்தவை ஒன்பது நாட்கள்.

"வழக்கறிஞர் வைத்திருந்தேனே, அவர் போயிருப்பாரே" என்று அவர் கேட்டது நியாயமான கேள்வி. வழக்கறிஞர் அன்று போகத்தான் செய்தார். ஆனால் அன்று வாதி சாட்சிக் கூண்டில் ஏறி வாக்குமூலம் அளிக்க வேண்டிய நாள். அதற்கு முன்னரே மூன்று முறை வாய்தா வாங்கியாயிற்று. நான்காம் முறை நீதிபதி மறுத்தபோது, கட்சிக்காரரிடமிருந்து தமக்குத் தகவல் ஏதுமில்லை என்று வழக்கறிஞர் கூறிவிட்டார். அவ்வாறு கூறிய பின்னர் அவர் அங்கே நின்றுகொண்டிருந்தாலும் வாதி ஆஜரானதாகச் சட்டம் கொள்வதில்லை. வாய்தா கேட்டால் கிடைத்துக்கொண்டே இருக்கும் என்னும் நம்பிக்கை கிராமங்களில் இன்னும் மாறவில்லை. 2002-ஆம் ஆண்டு ஜூலை முதல் நாள் நடைமுறைக்கு வந்த திருத்தத்தின்படி, விசாரணையின்போது ஒரு கட்சிக்கு மூன்று வாய்தாக்களுக்கு மேல் தரலாகாது. இது மிகக் கடுமையானது என்று சேலம் வழக்கறிஞர் சங்கத்தார் உச்ச நீதிமன்றம்வரை சென்றனர். 2005-ஆம் ஆண்டுத் தீர்ப்பில் நீதிமன்றம் அவ்விதியைச் செல்லும் என்றே கொண்டது. கட்சிக்காரரின் சக்திக்கு அப்பாற்பட்ட அசாதாரண நிலைமையில் மட்டும் தளர்த்த இடமுண்டு என்றது.

இங்கே காரைக்காலின் பழைய கதையைச் சிறிது நினைவுகூரலாம். இப்பகுதி 1739-ஆம் ஆண்டில் பிரெஞ்சுக்காரர் வசமாயிற்று. 1819-இல் பிரெஞ்சு சட்டத் தொகுப்புகள் இங்கு நடைமுறைக்குக் கொணரப்பட்டன. அக்காலத்தில் வழக்கின் இறுதி முறையீடு கடல் கடந்து பாரிஸ் மாநகரம்வரை செல்லக்கூடியதாக இருந்தது. 1806-ஆம் ஆண்டின் பிரெஞ்சு நடைமுறைத் தொகுப்பும் வராதவரைத் தண்டித்தது. எனினும் அதில் சில நுட்பங்கள் இருந்தன. எதிரி வரவில்லை என்பதற்காக வந்தவர் கேட்டதையெல்லாம் கொடுத்துவிடலாகாது. கோரிக்கை நியாயமானதா, சரிபார்க்கப்பட்டதா என்று நீதிபதி பார்க்க வேண்டும். தம் சார்பில் சட்டப் பிரதிநிதியை நியமிக்காத ஒருவர்மீது வராமையால் பெற்ற தீர்ப்பு ஆறு மாதங்களுக்குள் நிறைவேற்றப்படாவிட்டால் அது இல்லாததாகவே கருதப்படும். பெட்டிக்குள் தீர்ப்பை மறைத்து வைத்திருந்து, பல ஆண்டுகள் கழித்துத் திடீரென்று ஏழையின் வீட்டு வாயிலில் வந்து நிற்கும் தந்திரத்துக்கு அது ஒரு தடை. அந்த ஏற்பாடு மெச்சத்தக்கதே என்பது என் கருத்து.

1954-ஆம் ஆண்டு நவம்பர் முதல் நாள் நிர்வாகம் இந்தியாவிடம் வந்தது. 1962-ஆம் ஆண்டு ஆகஸ்டு 16-ஆம் நாள் சட்டப்படியான இணைப்பு நிறைவேறியது. அவ்வாண்டிலேயே சென்னை உயர் நீதிமன்றத்தின் அதிகாரம் இங்கும் விரிந்தது. 1968-ஆம் ஆண்டுச் சட்டத்தின் வழியாக இந்திய உரிமையியல் நடைமுறைச் சட்டமும் நமக்குரியதாயிற்று. இன்று கோட்டுச்சேரிக்காரருக்கும் எல்லைக்கு அப்பால் தரங்கம்பாடிக்காரருக்கும் விதி ஒன்றே, கெடு ஒன்றே. தமிழ் இலக்கியத்தில் முதல் நாவலை எழுதிய வேதநாயகம் பிள்ளை பக்கத்து மாயூரத்தில் முன்சீப்பாக இருந்தவர் என்பதும், சட்டத் தீர்ப்புகளைத் தமிழில் ஆக்கித் தந்தவர் என்பதும் பலரும் அறிந்தவை. தமக்கு முன்னே நடக்கும் வழக்கு எந்த மொழியில் நடக்கிறது என்று அறியாமல் நிற்கும் குடியானவரைக் கண்டு அவர் வருந்தினார். ஒன்றரை நூற்றாண்டு கழிந்த பின்னரும், தம் வழக்கு உயிரோடிருக்கிறதா இல்லையா என்று அறியாமல் ஒருவர் வளர்ச்சி அலுவலகத்துக்கு வந்து நிற்கிறார்.

இனி, மனுவில் என்ன சொல்ல வேண்டும் என்பதைக் காண்போம். வராமைக்குப் போதிய காரணம் இருந்தது என்று நீதிமன்றம் மனநிறைவு கொள்ள வேண்டும். விதி கேட்பது அவ்வளவே. அந்தக் காரணம் அந்த ஒரு நாளுக்கு உரியதாக இருத்தல் வேண்டும். முன்பு எத்தனை வாய்தாவுக்கு அவர் சோம்பலாக இருந்தார் என்று பழைய கணக்கைத் தோண்டி எடுத்து, குறித்த நாளின் உண்மையான காரணத்தை மறுத்துவிடலாகாது என்று உச்ச நீதிமன்றம் 2000-ஆம் ஆண்டில் கூறியுள்ளது. நோய், வீட்டில் மரணம், நாளைத் தவறாகக் குறித்துக்கொண்டமை, பேருந்து ஓடாமை ஆகியவை போதிய காரணமாக ஏற்கப்படக் கூடியவை. திருநள்ளாற்றில் சனிப்பெயர்ச்சி நாளன்று அம்பகரத்தூர்க்காரர் ஒருவர் பத்து மணிக்குள் காரைக்கால் வந்து சேர முடியாமற் போவது நம்பத்தகாத செய்தியன்று. கிளிஞ்சல்மேடு மீனவர் ஒருவர் கடலுக்குச் சென்ற இடத்தில் இலங்கைக் கடற்படையால் பிடிபட்டுச் சிறையில் இருந்தாராயின், அதைவிடப் போதிய காரணம் வேறென்ன வேண்டும்? ஆயினும் வெறும் வாய்ச்சொல் போதாது. பிரமாணப் பத்திரம் வேண்டும். அதனுடன் மருத்துவர் சான்றோ, மீன்வளத் துறையின் சான்றோ, வேறு ஆதாரமோ வைத்தல் வேண்டும்.

அறுவடை போதிய காரணமாகுமா என்பது என்னிடம் அடிக்கடி கேட்கப்படும் கேள்வி. அறுவடை இயந்திரம் நம் சௌகரியத்துக்கு வருவதில்லை. பக்கத்து வயல் முடிந்தால் இன்று, இல்லையேல் பத்து நாள் கழித்து. இதற்கிடையே மழை பெய்தால் கதிர் சாய்ந்து முளைத்துவிடும். இதை நீதிபதி உணரமாட்டார் என்று எண்ண வேண்டியதில்லை. ஆனால் முன்கூட்டியே வழக்கறிஞரிடம் சொல்லி வாய்தா கேட்பது ஒன்று. சொல்லாமல் இருந்துவிட்டு ஒரு மாதம் கழித்து அறுவடையைக் காட்டுவது மற்றொன்று. இரண்டாவதை நீதிமன்றம் ஐயத்துடன்தான் பார்க்கும்.

முப்பது நாள் கடந்துவிட்டால்? காலவரையறைச் சட்டத்தின் 5-ஆம் பிரிவு அங்கே கை கொடுக்கிறது. தாமதத்துக்கும் போதிய காரணம் காட்டினால் அதனை மன்னிக்கலாம். தமிழ்நாட்டிலிருந்து உச்ச நீதிமன்றம் சென்று 1998-ஆம் ஆண்டில் முடிந்த ஒரு வழக்கு இதற்குச் சிறந்த எடுத்துக்காட்டு. ஒரு நில உரிமை வழக்கில் 1991-இல் ஒருவர்மீது ஒருதலைத் தீர்ப்பாயிற்று. அதனை நீக்க அவர் மனுச் செய்தார். அந்த மனுவும் 1993 பிப்ரவரியில் வராமையால் தள்ளுபடியாயிற்று. அவருடைய வழக்கறிஞர் இதை அவரிடம் சொல்லவே இல்லை. 1995-இல் நிறைவேற்று நடவடிக்கையின் அறிவிப்பு வந்தபோதும், அதே வழக்கறிஞர் ஆறுதல் கூறி, காகிதங்களில் கையெழுத்தும் இரண்டாயிரம் ரூபாயும் வாங்கிக்கொண்டார், ஒன்றும் செய்யவில்லை. வாரண்டு வந்த பிறகு இவர் தாமே நீதிமன்றத்துக்கு ஓடிச் சென்று பார்த்தபோதுதான் உண்மை தெரிந்தது. வழக்கறிஞரோ தொழிலை விட்டு ஒரு நிறுவனத்தில் வேலைக்குச் சேர்ந்துவிட்டிருந்தார். தாமதம் 883 நாட்கள். கீழ்நீதிமன்றம் மன்னித்தது, உயர் நீதிமன்றம் மறுத்தது, உச்ச நீதிமன்றம் மீண்டும் மன்னித்தது. நீதிபதி கே.டி. தாமஸ் எழுதிய அத்தீர்ப்பின் சாரம், தாமதத்தின் நீளத்தைவிட அதற்குச் சொல்லப்படும் காரணத்தின் தன்மையே முதன்மையானது என்பதாகும். வேண்டுமென்றே காலம் கடத்துவோரைத் தடுக்கவே காலவரையறை ஏற்பட்டது, உரிமைகளை அழிப்பதற்கன்று. ஆயினும் எதிர்க்கட்சிக்காரருக்குப் பத்தாயிரம் ரூபாய் கொடுக்கும்படி மனுதாரருக்கு உத்தரவாயிற்று. நுகர்வோர் மன்றம் அந்த வழக்கறிஞர்மீது ஐம்பதாயிரம் ரூபாய் இழப்பீடு விதித்திருந்தது என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும்.

வழக்கறிஞரின் தவறுக்குக் கட்சிக்காரரைத் தண்டிக்கலாகாது என்று உச்ச நீதிமன்றம் 1981-இலேயே சொல்லியிருந்தது. தொலைதூரக் கிராமத்தில் இருப்பவர் வழக்கறிஞரை அமர்த்தி, கட்டணத்தைக் கொடுத்துவிட்டு, நம்பிக்கையோடு இருப்பதைத் தவிர வேறென்ன செய்ய இயலும் என்பது நீதிபதி தேசாய் அவர்களின் நோக்கு. ஆனால் இதை எல்லாருக்கும் பொருந்தும் மந்திரமாகக் கொள்ளலாகாது. 1993-ஆம் ஆண்டு வேறொரு வழக்கில், எழுதப் படிக்கத் தெரிந்த நகரத்து நிறுவனம் ஒன்று வழக்கறிஞர்மேல் பழியைப் போட்டுத் தப்ப முயன்றதை அதே நீதிமன்றம் ஏற்கவில்லை. படித்தவர்களும் வசதியுள்ளவர்களும் இந்த இரண்டாவது தீர்ப்பைத் தமக்குரியதாகக் கொள்வதே நேர்மை.

இனி, பிரதிவாதி வராத நிலை. இங்கே நம் கிராமத்தாரிடம் ஒரு பெரிய மயக்கம் காணப்படுகிறது. அமீனா சம்மனைக் கொண்டுவரும்போது கதவைச் சாத்திக்கொள்வதும், வயலுக்குப் போய்விட்டார் என்று பிள்ளைகளைச் சொல்லச் செய்வதும், பதிவுத் தபாலை வேண்டாமென்று திருப்பி அனுப்புவதும் சாமர்த்தியம் என்று கருதப்படுகின்றன. சம்மனை வாங்காவிட்டால் வழக்கு நடவாது என்பது அவர்கள் எண்ணம். வாங்க மறுத்ததாகத் தபால்காரர் எழுதித் திருப்பினாலே சம்மன் சேர்ந்ததாக நீதிமன்றம் கொள்ளலாம். கதவில் ஒட்டினாலும் அது சேர்ந்ததாகவே ஆகும். அதன் பின்னர் ஒருதலையாக விசாரணை நடந்து டிக்ரியாகிவிடும். தீர்ப்பாவதற்கு முன் வந்துவிட்டால் தக்க காரணம் காட்டி வழக்கில் கலந்துகொள்ளலாம். தீர்ப்பான பிறகு 13-ஆம் விதியின் கீழ் மனுச் செய்ய வேண்டும். இதற்கும் 30 நாட்களே. சம்மன் முறைப்படி சேரவில்லை என்றால் மட்டும், டிக்ரியைப் பற்றித் தெரிந்த நாளிலிருந்து அந்த 30 நாள் எண்ணப்படும். சம்மன் சேர்த்ததில் ஏதோ ஒழுங்குக் குறை இருந்தது என்பது மட்டும் போதாது. வழக்கு நாள் அவருக்கு உரிய காலத்தில் தெரிந்திருந்தது என்று கண்டால் டிக்ரியை நீக்கலாகாது என 1976-ஆம் ஆண்டுத் திருத்தம் கூறுகிறது.

குடியானவரை மட்டும் குறை கூறுதல் தகாது. பல ஆண்டுகளுக்கு முன் நான் இளநிலையில் பணியாற்றிய ஓர் அலுவலகத்தில், ஒப்பந்தக்காரர் ஒருவர் தொடுத்த வழக்கின் சம்மன் வந்தது. உரிய பிரிவு எது என்பதில் மேசைக்கு மேசை குறிப்பு எழுதி அந்தக் காகிதம் நாலு மாதம் சுற்றியது. அக்குறிப்புகளில் இரண்டு என் கையெழுத்தில் உள்ளவை. டிக்ரியை நிறைவேற்ற அமீனா வந்து அலுவலக மேசை நாற்காலிகளின் எண்ணிக்கையைக் குறித்துக்கொண்டபோதுதான் எங்களுக்கு விழிப்பு உண்டாயிற்று. மக்கள் வரிப்பணத்திலிருந்து அன்று கொடுக்கப்பட்ட செலவுத் தொகையை நான் இன்னும் மறக்கவில்லை. அதனாலேயே, இப்போது எமது அலுவலகத்தில் சம்மன்களுக்கென்று தனிப் பதிவேடு வைத்து அதனை நானே திங்கட்கிழமைதோறும் பார்க்கிறேன்.

வேறொரு கண்ணியும் உண்டு. வழக்கு நடக்கையில் தகப்பனார் இறந்துபோனால், வாரிசுகளை வழக்கில் சேர்க்க 90 நாட்களுக்குள் மனுச் செய்ய வேண்டும். தவறினால் வழக்குத் தானாகவே அற்றுப்போகும். ஒருவரும் உத்தரவிட வேண்டியதில்லை. அதனை நீக்க மேலும் 60 நாட்கள் உண்டு. பிரான்சிலும் சிங்கப்பூரிலும் வளைகுடா நாடுகளிலும் பிள்ளைகள் இருக்கும் காரைக்கால் குடும்பங்களில், கருமாதி முடிந்து விமானம் ஏறிப் போகும் அவசரத்தில் இது மறந்துபோகிறது. புறப்படுமுன் உள்ளூரில் ஒருவருக்கு அதிகாரப் பத்திரம் எழுதிக் கொடுத்துச் செல்வது நல்லது.

குற்றவியல் பக்கத்தைச் சுருக்கமாகவே சொல்கிறேன். திரும்பி வந்த காசோலை போன்ற தனியார் புகார்களில் புகார்தாரர் வராவிட்டால் எதிரி விடுதலையடைந்துவிடுவார். விடுதலையான பின் அதே மாஜிஸ்திரேட்டு அதனை மீண்டும் எடுக்க முடியாது. 2024 ஜூலை முதல் நடைமுறையிலுள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா இங்கே ஒரு சலுகை செய்திருக்கிறது: விடுவிப்பதற்கு முன் புகார்தாரருக்கு 30 நாள் அவகாசம் தரவேண்டும் என்று அதன் 279-ஆம் பிரிவு கூறுகிறது.

வாய்தா நாளை அறிந்துகொள்வது முன்போல் இன்று கடினமன்று. ஒவ்வொரு வழக்குக்கும் பதினாறு எழுத்தும் இலக்கமும் கலந்த ஓர் எண் உண்டு. வழக்கறிஞரின் குமாஸ்தாவிடம் கேட்டு அதனை எழுதி வைத்துக்கொண்டால், நீதிமன்றங்களின் கைபேசிச் செயலியில் அடுத்த வாய்தா எப்போது, சென்ற வாய்தாவில் என்ன நடந்தது என்பவற்றை வீட்டிலிருந்தே காணலாம். பத்தாம் வகுப்புப் படிக்கும் பேத்தி போதும். வழக்கறிஞருக்குக் கொடுக்கப் பணமில்லாதோருக்கு 1987-ஆம் ஆண்டுச் சட்டப்படி சட்டப்பணிக் குழு உதவி செய்கிறது. பெண்களும், பட்டியல் சாதி, பழங்குடி மக்களும் வருமானம் எவ்வளவாயினும் இவ்வுதவிக்கு உரியவர்கள் என்பதைப் பலர் அறியார். பங்காளி வழக்குகளை லோக் அதாலத்தில் பேசி முடித்துக்கொண்டால் கட்டிய முத்திரைக் கட்டணமும் திரும்பக் கிடைக்கும். வழக்கில் வென்றவன் தோற்றான், தோற்றவன் செத்தான் என்னும் பழமொழியை நம் பெரியோர் அனுபவித்தே சொல்லியிருக்க வேண்டும். ஆனால் வாய்க்காலை அடைத்தவரிடம் பேச்சு எடுபடாதபோது வழக்குக்குப் போவதைத் தவறென்று நான் சொல்லமாட்டேன்.

அந்த மூதாட்டியை அன்றே சட்டப்பணிக் குழுவுக்கு எமது கிராம சேவகருடன் அனுப்பினேன். ஜனவரி 22 அன்று அவர் வயலில் இயந்திரம் இறங்கியதற்கான வாடகைச் சீட்டு அவரது சுருக்குப் பையிலேயே இருந்தது. வாய்தா நாளைக் குறித்து வழக்கறிஞர் அனுப்பியதாகச் சொன்ன செய்தி, அறுவடைக்குக் கும்பகோணம் போயிருந்த மகனின் கைபேசிக்குச் சென்றிருந்தது என்பதும் விசாரித்ததில் தெரிந்தது. இவ்விரண்டையும் பிரமாணப் பத்திரத்தில் எழுதி, பிப்ரவரி 19-ஆம் நாள், கெடுவுக்கு இரண்டு நாள் முன்னதாக, மனுச் செய்யப்பட்டது. பங்காளி எதிர்த்து வாதாடினார். பிரதிவாதிக்கு ஐந்நூறு ரூபாய் செலவுத் தொகை கொடுக்க வேண்டும் என்ற நிபந்தனையுடன் நீதிமன்றம் வழக்கை மீண்டும் கோப்பில் எடுத்துக்கொண்டது. குறுவை நாற்று விடுவதற்குள் வாக்குமூலம் முடிந்துவிடும் என்று நம்புகிறோம். அடுத்த வாய்தா நாளை அவர் வீட்டு நாட்காட்டியில் பேத்தி சிவப்பு மையால் வட்டமிட்டிருக்கிறாள்.